இரு பண்பாடுகளின் நடுவே வளரும் எமது பிள்ளைகள்

எமது ஆலய மகோற்சவ உபயகாரர் விபரத்தைச் சற்று ஊன்றிப் பார்த்தால் ஓர் உண்மை புலப்படும். கொடியேற்றம் தொடக்கம் தீர்த்தம் வரை பல திருவிழாக்கள் இன்று ஜேர்மனி, கனடா, லண்டன், சுவிஸ் என வெளிநாடுகளில் வாழும் குடும்பங்களின் உபயமாகவே நடைபெறுகின்றன. அவ்வுபயங்களை ஏற்றவர்கள் இவ்வூரிற் பிறந்து, இக்கோயில் வீதியில் விளையாடி வளர்ந்தவர்கள். அவர்கள் காலத்தின் பின் அத்திருவிழா யார் கைக்குப் போகும்? இவ்வூரை இரண்டு அல்லது மூன்று முறை மட்டும் கண்ட பிள்ளைகளின் கைக்கே போகும். ஆகவே அப்பிள்ளைகள் எவ்வாறு வளர்கிறார்கள் என்பதை அறிவது எமக்கு அந்நியமான விடயம் அன்று.

1983 ஆம் ஆண்டு யூலைக் கலவரத்தின் பின்னர் எம்மவர் பெருந்தொகையாகப் புலம்பெயர்ந்தனர் என்பது யாவரும் அறிந்ததே. அவ்வாறு சென்றோரின் பிள்ளைகளை எல்லாம் ஒரே வகையினர் என எண்ணுதல் தவறு. இங்கே பிறந்து, பாலர் வகுப்பில் ஏடு தொடக்கி, ஆறு ஏழு வயதிற் பெற்றோருடன் சென்ற பிள்ளை வேறு. அங்கேயே பிறந்த பிள்ளை வேறு. கியூபாவிற் பிறந்த அமெரிக்க சமூகவியலாளர் ரூபன் ரும்போட் என்பவர் முதல்வகைப் பிள்ளைகளை "ஒன்றரைத் தலைமுறை" என்று அழைத்தார். பொருத்தமான பெயர்தான். இவர்களுக்கு ஊர் நினைவிருக்கும். ஆனால் அந்நினைவு ஒரு குழந்தையின் நினைவு. அங்கே பிறந்தவர்களுக்கோ ஊர் என்பது பெற்றோர் சொல்லும் கதையும் தொலைபேசியிற் கேட்கும் குரலுமே.

புதிய நாட்டில் ஒருவர் எவ்வாறு வாழத் தலைப்படுகிறார் என்பதைக் கனடாவின் உளவியலாளர் ஜோன் பெரி நான்காக வகுத்துள்ளார். தன் பண்பாட்டைக் கைவிட்டுப் புதியதில் முற்றாகக் கலத்தல் ஒன்று. புதியதைத் தீண்டாது தன்னதிலேயே ஒதுங்கியிருத்தல் மற்றொன்று. இரண்டையும் கொண்டு வாழ்தல் மூன்றாவது. இரண்டுமின்றி நிற்றல் நான்காவது. மூன்றாவது வழியே நல்லது என நாம் இலகுவாகச் சொல்லிவிடலாம். ஆனால் அவ்வழி பிள்ளையின் விருப்பத்தில் மாத்திரம் தங்கியதன்று. அந்நாடும் அதற்கு இடங்கொடுக்க வேண்டும்.

ஜேர்மனியை எடுத்துக்கொள்வோம். அந்நாட்டில் 2000 ஆம் ஆண்டு வரை, அங்கே பிறந்தது என்ற காரணத்தால் மட்டும் வெளிநாட்டுப் பெற்றோரின் பிள்ளைக்குக் குடியுரிமை கிடைப்பதில்லை. தாய் அல்லது தந்தை ஜேர்மனியராக இருத்தல் வேண்டும். அகதி விண்ணப்பம் நிராகரிக்கப்பட்டு, திருப்பி அனுப்புதல் தற்காலிகமாக நிறுத்தப்பட்ட நிலையில், சில மாதங்களுக்கு ஒரு தடவை புதுப்பிக்கும் கடதாசியுடன் எமது குடும்பங்கள் பல அங்கே ஆண்டுக்கணக்காகக் காலங்கழித்தன. 2000 சனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்த சட்டத்தின்படி, பெற்றோருள் ஒருவர் எட்டாண்டுகள் சட்டபூர்வமாக வசித்து, நிரந்தர வதிவிட உரிமையும் பெற்றிருந்தாற் பிறக்கும் பிள்ளை ஜேர்மனியப் பிரசையாகியது. ஆயினும் பெற்றோர் வழியில் இன்னொரு நாட்டின் குடியுரிமையும் இருந்தால், 23 வயதுக்கு முன் இரண்டில் ஒன்றைத் தெரிவு செய்ய வேண்டும் என்றும் விதித்தனர். அங்கேயே வளர்ந்த பிள்ளைகளுக்கு இவ்விதி 2014 இல் தளர்த்தப்பட்டது. 2024 யூன் மாதத்தில் வந்த புதிய சட்டம் பல குடியுரிமைகளைப் பொதுவாகவே அனுமதித்தது. இருபது ஆண்டுகளுக்கு மேலாக "நீ இதுவா, அதுவா?" என்ற கேள்வி சட்டப் புத்தகத்திலேயே இருந்ததென்றால், பள்ளிக்கூட முற்றத்தில் அது எத்தனை முறை கேட்கப்பட்டிருக்கும்!

வீட்டுக்குள் நடப்பவை

புலம்பெயர்ந்த வீடுகளிற் பிள்ளை பெற்றோரிலும் பார்க்க விரைவாக அந்நாட்டு மொழியைக் கற்றுவிடுகிறது. அதனால் பத்து வயதுப் பிள்ளை தாயுடன் வைத்தியசாலைக்குச் சென்று, வைத்தியர் சொல்லும் நோயைத் தாய்க்குத் தமிழிற் சொல்ல வேண்டியுள்ளது. அலுவலகக் கடிதம் வந்தாற் பிள்ளைதான் வாசிக்கும். பாடசாலையில் ஆசிரியர் பெற்றோரை அழைத்துப் பிள்ளையின் குறைகளைக் கூறும்போது அதனை மொழிபெயர்ப்பதும் அதே பிள்ளைதான். (முழுவதையும் மொழிபெயர்த்திருக்குமா என்று நான் கேட்கவில்லை.) இதிலே நகைப்புக்கு இடமிருந்தாலும் வருத்தமே மிகுதி. ஊரில் நாலு பேர் மதித்த தகப்பன், ஒரு படிவத்தை நிரப்பத் தன் மகனைப் பார்த்து நிற்கிறார். மகனோ குடும்பத்தின் கடனையும் விசாவையும் வயதுக்கு மீறி அறிந்துகொள்கிறான். பின்னர் அதே தகப்பன் "நான் சொல்வதைக் கேள்" என்று அதட்டும்போது அச்சொல் முன்போல வலுவாக இருப்பதில்லை. பல வீடுகளின் பிணக்குக்கு வேர் இங்கேதான் உள்ளது. பிள்ளைக்கு அடங்காமை என்று நாம் இங்கிருந்து தீர்ப்புச் சொல்லிவிடுகிறோம்.

பெயரிலும் இத்தகைய சிக்கல் உண்டு. எமக்குக் குடும்பப் பெயர் என ஒன்றில்லை. தகப்பன் பெயரே முன்னால் நிற்கும். அந்நாடுகளின் படிவத்திலோ குடும்பப் பெயர் கட்டாயம். ஒருவருக்குத் தகப்பன் பெயர் குடும்பப் பெயராகிப் பதியப்பட, அவரின் பிள்ளைகள் பேரன் பெயரால் வகுப்பில் அழைக்கப்படுகிறார்கள். அவரது சகோதரருக்கு வேறு விதமாகப் பதிந்துவிட்டால், ஒன்றுவிட்ட சகோதரர்கள் ஒரே பாடசாலையில் வெவ்வேறு குடும்பத்தவர் போலாகின்றனர். எமது சங்கற்பத்திலே குருக்கள் நட்சத்திரத்தோடு சொல்லும் பெயர் ஒன்று, கடவுச்சீட்டில் உள்ளது மற்றொன்று.

மரியாதைச் சொல் பற்றியும் ஒன்று கூற வேண்டும். விடுமுறைக்கு வரும் பேரப்பிள்ளை, பேரனைப் பார்த்து "நீ சாப்பிட்டியா?" என்று கேட்டவுடன் பலர் முகஞ்சுளிப்பதைக் கண்டிருக்கிறேன். ஜேர்மன் மொழியிலும் தமிழைப் போல நீ, நீங்கள் என்ற வேறுபாடு உண்டு. ஆனால் அங்கே வீட்டாருக்கு, அவர் எவ்வளவு மூத்தவராயினும், "நீ" என்பதே முறை. "நீங்கள்" என்பது அந்நியருக்கும் அலுவலருக்கும் உரியது. அப்பிள்ளை தன் பேரனை "நீ" என்று சொன்னபோது உன்னை நான் அந்நியனாகக் கருதவில்லை என்றே சொல்லியிருக்கிறது. திருத்த வேண்டியதுதான், ஆனால் அவமதிப்பென எண்ணிக் கோபித்தல் ஆகாது. ஆசிரியரின் கண்ணை நேரே பார்ப்பதும் அவ்வாறே. இங்கே அது துடுக்குத்தனம். அங்கே தலைகுனிந்து நின்றால் எதையோ ஒளிக்கிறான் என்பார்கள்.

மொழியைப் பொறுத்தவரை, அமெரிக்க மொழியியலாளர் யோசுவா ஃபிஷ்மன் நீண்டகாலம் ஆராய்ந்து வற்புறுத்திய கருத்து ஒன்றுண்டு. பெற்றோர் வீட்டிற் குழந்தையுடன் பேசுவதே ஒரு மொழியைக் காக்கிறது. பாடசாலை அதற்குத் துணை செய்யலாமேயன்றி அதன் இடத்தை எடுக்க முடியாது. சனிக்கிழமை இரண்டு மணித்தியாலத் தமிழ் வகுப்புக்குப் பிள்ளையை ஏற்றி இறக்கிவிட்டு, காரில் அந்நாட்டு மொழியிலேயே பேசிக்கொண்டு வரும் பெற்றோர் இதனைச் சிந்திக்க வேண்டும்.

கோயிலும் பிள்ளையும்

புலம்பெயர்ந்தோர் தாம் சென்ற இடமெல்லாம் கோயில் அமைத்தனர். ஜேர்மனியின் ஹம் நகரில் ஒரு வீட்டின் நிலவறையில் ஆரம்பித்த ஸ்ரீ காமாட்சி அம்பாள் வழிபாடு, 2002 இல் இராசகோபுரத்துடன் கூடிய பேராலயமாகக் கும்பாபிஷேகம் கண்டது. தொழிற்சாலைகள் நிறைந்த பகுதியில் அக்கோபுரம் நிற்கிறது. அம்பாளின் தீர்த்தோற்சவம் அங்கு சரக்குக் கப்பல் ஓடும் கால்வாயில் நடைபெறுகிறது. பாரிஸ் நகரில் மாணிக்க விநாயகர் தேர் வீதியில் வலம் வருகிறது. சுவிஸ் நாட்டின் பேர்ண் நகரில் 2014 இல் திறக்கப்பட்ட சமயங்களின் இல்லத்தில், பள்ளிவாசலும் தேவாலயமும் உள்ள அதே கட்டடத்தினுள் சைவக் கோயிலும் அமைந்துள்ளது. அங்கே தமிழிலேயே பூசை நடைபெறுகிறது. இவற்றைக் கேட்க எமக்குப் பெருமைதான். ஆனால் கோபுரம் எழுந்துவிட்டதால் மட்டும் பிள்ளை உள்ளே வந்துவிட்டது என்று கொள்ளலாகாது.

சாமத்தியச் சடங்கு இதற்கு ஓர் உதாரணம். ஊரில் உறவினர் அளவில் நடந்த சடங்கு அங்கே மண்டபம், வீடியோ, பல்லக்கு எனப் பெருத்துவிட்டது. வகுப்புத் தோழிகளுக்கு இதை எவ்வாறு விளக்குவது எனத் தெரியாமல் அந்தச் சிறுமி தவிப்பதை எவரும் கேட்பதில்லை. என்னைக் கேட்டால், அப்பிள்ளை வேண்டாம் என்றால் வீட்டில் விளக்கேற்றி நீராட்டுவதே போதும் என்பேன். இதற்குச் சிலர் என்னுடன் கோபிக்கக்கூடும்.

கோபிக்க முன், என் தவறையும் கூறிவிடுகிறேன். 2002 இல் ஏ9 வீதி திறக்கப்பட்ட பின், அடுத்த ஆண்டு மகோற்சவத்துக்கு மகள் குடும்பம் ஜேர்மனியிலிருந்து முதன்முறை வந்தது. பேரனுக்கு அப்போது பதினொரு வயது. தேரன்று இருப்புக்கு முன்னால் தேங்காய்கள் மலைபோல் உடைபடுவதைக் கண்டவன், "அம்மப்பா, ஏன் இவ்வளவு தேங்காயை வீணாக்கினம்?" என்று கேட்டான். சுற்றிவர ஊரவர் நின்றனர். எனக்கு வெட்கமாகிவிட்டது. "அப்படிக் கேட்கக் கூடாது, சாமி குற்றம், கையைக் கூப்பிக் கும்பிடு" என்று அதட்டினேன். அவன் கும்பிட்டான். அதன் பிறகு அவ்விடுமுறை முழுவதும் என்னிடம் எதையும் கேட்கவில்லை.

நான் சைவசமய பாடம் கற்பித்த ஆசிரியன். மட்டை, நார், ஓடு ஆகியவை ஆணவம், கன்மம், மாயை என்ற மும்மலங்களைக் குறிக்கும். அவை நீங்க வெளிப்படும் வெண்மையே தூய்மையடைந்த ஆன்மா என்று சாதாரண தர மாணவருக்கு எத்தனையோ ஆண்டுகள் கரும்பலகையில் எழுதியவன். கேள்வி கேட்டவன் என் சொந்தப் பேரனாயிருந்தபோது அதைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. ஊர்ப் பிள்ளை கேட்டால் அறிவு, வெளிநாட்டுப் பிள்ளை கேட்டாற் குற்றம் என்று அன்று எண்ணிவிட்டேன் போலும். 2006 இல் பாதை மூடப்பட்டது. யுத்தம் 2009 இல் முடிந்த பின்னும் அவன் பல ஆண்டுகள் வரவில்லை; படிப்பு, வேலை என்று மகள் காரணம் சொன்னாள்.

சென்ற வருடம் அவனே தொலைபேசியில் அழைத்தான். அவனுடைய மகளுக்கு இப்போது நான்கு வயது. ஹம் தேருக்குக் கூட்டிச்சென்ற இடத்தில் அவளும் அதையே கேட்டாளாம், ஜேர்மன் மொழியில். "அம்மப்பா, நான் என்ன சொல்ல?" என்றான். நான் மும்மலத்தைச் சொல்லத் தொடங்கினேன். மலம் என்ற சொல்லுக்கு ஜேர்மனில் என்ன என்று அவன் கேட்டான். அரைமணி நேரம் இருவருமாகச் சொல் தேடினோம். இன்னும் சரியாகக் கிடைக்கவில்லை, ஞாயிற்றுக்கிழமைகளில் அழைக்கிறான்.