செங்காந்தள்: பெயரும் பொருளும் எச்சரிக்கையும்

கொண்டப்பநாயக்கன்பட்டியிலிருந்து ஏற்காடு செல்லும் வழியில், மழைக்காலத்து மலையடிவார வேலிகளிலும் புதர்களிலும் தீப்பிழம்பு போல் ஒரு கொடி பூத்திருப்பதைக் காணலாம். இலையின் நுனியே பற்றுக்கம்பியாய்ச் சுருண்டு அருகிலுள்ளதைப் பிடித்துக்கொள்ளும். ஆறு இதழ்களும் அலை அலையாய் நெளிந்து மேல்நோக்கி மடிந்திருக்கும். மலரும்போது பசுமையும் மஞ்சளுமாய்த் தோன்றும் இதழ்கள் நாள்செல்லச் செல்லச் செம்மஞ்சளாகி, முடிவில் செந்நிறம் பெறும். இதுவே தமிழ்நாட்டின் மாநில மலராகிய செங்காந்தள். கபிலர் பாடிய குறிஞ்சிப்பாட்டில் வரும் மலர்ப் பட்டியலில் முதலிடம் பெற்றதும் இம்மலரே.

இத்துணைச் சிறப்புடைய இக்கொடி, வேர்க்கிழங்கு முதல் விதை வரை நஞ்சுடையது. இதன் பெயர்களை முறையாக அறிந்துகொள்வது ஓர் உயிரைக் காக்கவும் உதவக்கூடும் என்பதால் இப்பாடத்தை எழுதுகிறோம்.

ஒரு கொடி, பல பெயர்கள்

மக்கள் ஒரு செடிக்குப் பெயரிடும்போது தாம் கண்டதையும் நம்பியதையும் அப்பெயரில் வைக்கின்றனர். கார்த்திகை மாதத்தை ஒட்டிப் பூப்பதால் இது கார்த்திகைப்பூ ஆயிற்று. ஈழத் தமிழர் இன்றும் இப்பெயராலேயே வழங்குகின்றனர். நிலத்தடியிலுள்ள கிழங்கு கலப்பை போல் வளைந்திருப்பதால் கலப்பைக்கிழங்கு என்றனர். வடமொழியில் இலாங்கலி என்னும் பெயரும் கலப்பையைக் குறிக்கும் சொல்லிலிருந்தே பிறந்தது. அக்கினிசிகை என்பது தீயின் கொழுந்து எனப் பொருள்படும். மலையாள நாட்டில் இதனை மேந்தோன்னி என்பர்.

நம் பகுதியில் மிகுதியாக வழங்குவது கண்வலிக்கிழங்கு என்னும் பெயர். இம்மலரை உற்றுநோக்கினால் கண் வலிக்கும் என்ற நம்பிக்கையால் இப்பெயர் வந்தது என்பர். இங்கே ஒரு மயக்கம் ஒளிந்திருக்கிறது. தலைவலி மாத்திரை என்றால் தலைவலியைப் போக்கும் மாத்திரை என்றே பொருள்கொள்கிறோம். அவ்வாறே கண்வலிக்கிழங்கு என்பதைக் கண்வலியைப் போக்கும் கிழங்கு என ஒருவர் கொண்டால் என்னாகும்? தமிழில் தொகைச்சொற்கள் இரு சொற்களை இணைக்குமேயன்றி, ஒன்று மற்றொன்றைத் தருமா தீர்க்குமா என்பதை வெளிப்படக் கூறா. அதனைக் கேட்போரே வருவித்துக்கொள்ள வேண்டும். இக்கிழங்கு கண்வலிக்கு மருந்தன்று. கண்ணில் இடவோ உண்ணவோ கூடாது.

இரண்டாவது மயக்கம் ‘கிழங்கு’ என்ற சொல்லிலேயே உள்ளது. சேலம், நாமக்கல் மாவட்டத்தார்க்குக் கிழங்கு என்றவுடன் நினைவுக்கு வருவது குச்சிக்கிழங்கும் சவ்வரிசியுமே. கிழங்கு நமக்கு உணவு. பலருக்குப் பிழைப்பும் அதுவே. அதனால் மண்ணைத் தோண்டும்போது பழுப்புத் தோலும் வெள்ளைச் சதையும் உடைய ஒரு கிழங்கு கிடைத்தால், அதுவும் உண்ணத்தக்கதே என எண்ண இடமுண்டு. இலங்கையில் இதனை வள்ளிக்கிழங்கு எனக் கருதி உண்டு நச்சுப்பட்டவர்களைப் பற்றி அந்நாட்டு மருத்துவர்கள் பதிவு செய்துள்ளனர்.

தாவரவியற் பெயர்

1753ஆம் ஆண்டு, சுவீடன் நாட்டு அறிஞர் கார்ல் லின்னேயஸ் இக்கொடிக்குக் குளோரியோசா சுப்பர்பா என்னும் பெயரை வழங்கினார். இது இரு இலத்தீன் சொற்களால் ஆனது. முதற்சொல் பேரினத்தையும் இரண்டாம் சொல் அப்பேரினத்துள் இச்சிற்றினத்தையும் சுட்டும். குளோரியோசா என்பதற்குப் புகழ் நிறைந்தது என்றும், சுப்பர்பா என்பதற்குச் செம்மாப்பும் எழிலும் உடையது என்றும் பொருள்.

இப்பெயரும் நஞ்சைப் பற்றி ஏதும் கூறவில்லை என்பதை வாசகர்கள் கவனித்திருக்கலாம். ஆயினும் நாட்டுப்பெயருக்கு இல்லாத ஒரு பயன் இதற்கு உண்டு. உலகின் எந்த மருத்துவமனையில் இப்பெயரைக் கூறினாலும் இந்த ஒரு செடியையே அது சுட்டும். அரளி என்னும் பெயரை எண்ணிப் பாருங்கள். செவ்வரளி ஒரு பேரினம். பொன்னரளி வேறொரு பேரினம். அவ்விரண்டின் நஞ்சும் இதயத் துடிப்பைத் தாக்கும். செங்காந்தளின் நஞ்சோ உடலின் உயிரணுக்கள் பிரிந்து பெருகுவதைத் தடுக்கும். நஞ்சு வேறாயின் மருத்துவமும் கண்காணிப்பும் வேறாகும். எனவேதான் உண்டது எந்தச் செடி என்று மருத்துவர் வற்புறுத்திக் கேட்கிறார்.

நஞ்சின் பெயர்

செங்காந்தளில் உள்ள முதன்மையான நஞ்சு கோல்ச்சிசின் எனப்படும். ஐரோப்பாவில் வளரும் கோல்ச்சிகம் என்னும் செடியிலிருந்து இப்பெயர் வந்தது. கருங்கடலின் கீழ்க்கரையில் பண்டைநாளில் கோல்ச்சிஸ் என ஒரு நாடு இருந்தது. நச்சு மூலிகைகளில் வல்லவளாகக் கிரேக்கக் கதைகள் கூறும் மெடியா அந்நாட்டு மன்னன் மகள். அந்நாட்டின் பெயரே செடிக்கும், செடியின் பெயர் நஞ்சுக்கும் ஆயிற்று. 1820ஆம் ஆண்டு பெல்த்தியே, கவந்து என்னும் பிரெஞ்சு வேதியியலார் இருவர் அச்செடியிலிருந்து இப்பொருளைப் பிரித்தெடுத்தனர். அங்கும் பெயரும் தோற்றமும் மயக்குவதுண்டு. காட்டுப்பூண்டின் இலை எனக் கருதி இச்செடியின் இலையைச் சமைத்து உண்டு இறந்தோர் ஐரோப்பாவில் உளர்.

கோல்ச்சிசின் மருந்தாகவும் பயன்படுகிறது. யூரிக் அமிலம் மிகுவதால் வரும் கௌட் என்னும் மூட்டு நோய்க்கு மருத்துவர்கள் இதனை மிகச் சிறிய அளவில் தருகின்றனர். இதன்பொருட்டே கொங்கு நாட்டிலும் பிற மாவட்டங்களிலும் உழவர்கள் செங்காந்தளைப் பயிரிட்டு விதையை விற்கின்றனர். சித்த மருத்துவத்திலும் முறைப்படி சுத்தி செய்த பின்னரே இக்கிழங்கைக் கையாள்வர். மருந்துக்கும் நஞ்சுக்கும் இடைப்பட்ட அளவு இதில் மிகக் குறுகியது. ஆதலின் வீட்டில் எவரும் இதனை மருந்தாகச் செய்து பார்த்தல் ஆகாது.

அறிகுறிகள் தாமதமாகத் தோன்றும்

இந்நஞ்சின் பெருங்கேடு, அது உடனே தன்னை வெளிக்காட்டாமையே. உண்டவர் சில மணி நேரம் நலமாகவே காணப்படலாம். பெரும்பாலும் 2 முதல் 12 மணி நேரத்துக்குள் வாந்தி, வயிற்றுவலி, கடும் வயிற்றுப்போக்கு ஆகியன தொடங்கும். இதனைச் சாதாரண உணவு ஒவ்வாமை என எண்ணி வீட்டிலேயே காத்திருப்பவர்கள் அரிய நேரத்தை இழக்கின்றனர். அடுத்த சில நாட்களில் சிறுநீரகம், கல்லீரல், இதயம், இரத்த அணுக்களை உண்டாக்கும் எலும்பு மச்சை ஆகியவை பாதிக்கப்படலாம். பிழைத்தவர்க்கும் ஓரிரு வாரங்களில் தலைமுடி கொத்துக்கொத்தாக உதிர்வதுண்டு. அது பின்னர் மீண்டும் வளரும். இந்நஞ்சை முறிக்கும் தனி மருந்து நம் மருத்துவமனைகளில் இல்லை. விரைவில் வருவதும், இடைவிடாத கண்காணிப்பும், உறுப்புகளைத் தாங்கும் மருத்துவமுமே நோயாளிக்குத் துணை.

குடும்பத்தார் செய்ய வேண்டுவன

1. அறிகுறி தோன்றும்வரை காத்திராதீர்கள். உண்டார் என்ற ஐயம் எழுந்தாலே 108ஐ அழைத்து மருத்துவமனைக்கு வாருங்கள்.

2. உப்புநீர், புளிக்கரைசல், சாணிக்கரைசல் முதலியவற்றைப் புகட்டி வாந்தி எடுக்கச் செய்யாதீர்கள். அது மூச்சுக்குழலில் புகுந்து மற்றொரு துன்பத்தை உண்டாக்கும்.

3. எஞ்சிய கிழங்கு, இலை, பூ, விதை ஆகியவற்றுள் கிடைத்ததை ஒரு பையிலிட்டு உடன் கொண்டுவாருங்கள். வீட்டில் ஒருவர் கைபேசியில் கொடியைப் படமெடுத்து அனுப்புவதும் உதவும்.

4. உண்ட நேரத்தையும் ஏறத்தாழ உண்ட அளவையும் கூறுங்கள். செடியைக் குறித்து உங்களுக்குத் தெரிந்த எல்லாப் பெயர்களையும் கூறுங்கள். தாவரவியற் பெயர் தெரியாவிடினும் குறையில்லை.

5. நோயாளி நலமாகத் தோன்றினாலும், மருத்துவர் கூறும்வரை வீட்டுக்கு அழைத்துச் செல்லாதீர்கள்.

செங்காந்தள் பயிரிடும் குடும்பங்கள் விதைக்கிழங்கையும் விதையையும் சமையற்பொருள்களோடு வைக்காமல், குழந்தைகளுக்கு எட்டாத இடத்தில் பூட்டி வைத்தல் வேண்டும். கிழங்கைக் கையாண்ட பின் கைகளைச் சோப்பிட்டுக் கழுவ வேண்டும். வீட்டில் எவரேனும் கடுந்துயரில் இருப்பின் இப்பூட்டு இன்னும் இன்றியமையாதது. அவரைத் தனித்திருக்க விடாமல் அருகிருந்து பேசுங்கள். 104 என்னும் எண்ணில் மனநல ஆலோசனை கிடைக்கும்.

வேலியில் பூத்த செங்காந்தளை வெட்டி எறிய வேண்டுவதில்லை. அடுத்த மழைக்காலத்தில் அதனைக் காணும்போது வீட்டுப் பிள்ளைகளுக்கு அதன் பெயரைச் சொல்லிக்கொடுங்கள். அது உண்ணும் கிழங்கன்று என்பதையும் உடன் சொல்லிக்கொடுங்கள்.