பழைய கணினியில் படம் ஓடுமா?

கேள்வி: எங்கள் வீட்டுக் கணினியில் விண்டோஸ் எக்ஸ்பிதான் இருக்கிறது. அண்ணன் கல்யாண வீடியோவைப் போட்டால் சத்தம் மட்டும் கேட்கிறது, படம் வரவில்லை. என்ன செய்யலாம்?

பதில்: கணினியின் முதுமையைக் குறைகூற வேண்டாம், சுருக்கி வைக்கப்பட்ட படத்தை விரித்துக் காட்டும் கோடெக், எக்ஸ்பியோடு வந்த மீடியா பிளேயரிடம் இல்லை என்பதே விஷயம். அதற்காகக் கண்ட இடங்களிலெல்லாம் கோடெக்குகளைத் தேடிச் சேகரிப்பதைவிட, அவற்றில் பெரும்பாலானவற்றைத் தன்னகத்தே கொண்டிருப்பதும், 1996-இல் பாரிஸ் அருகே பொறியியல் மாணவர்களின் முயற்சியாகத் தொடங்கி இன்றளவும் இலவசமாகவே கிடைத்து வருவதுமான விஎல்சி பிளேயரை நிறுவிக்கொள்வது உத்தமம். அதன் 3.0 வரிசை எக்ஸ்பியிலும் இயங்கும். எக்ஸ்பிக்கான சர்வீஸ் பேக் 3 என்ற மேம்படுத்தல் மட்டும் அவசியம். மை கம்ப்யூட்டர் மீது வலது கிளிக் செய்து பிராப்பர்ட்டீஸைத் திறந்தால், அது இருக்கிறதா என்பது அங்கேயே எழுதியிருக்கும்.

எக்ஸ்பியிலுள்ள இன்டர்நெட் எக்ஸ்ப்ளோரர் இக்காலத்து இணையதளங்களைத் திறக்கத் திணறுமாகையாலும், 2014 ஏப்ரலோடு எக்ஸ்பிக்கான ஆதரவை மைக்ரோசாஃப்ட் நிறுத்திவிட்டபடியால் அக்கணினியை இணையத்தில் இணைப்பதே அபாயகரமாகையாலும், வேறொரு கணினியில், விஎல்சியை வெளியிடும் வீடியோலான் தளத்திலிருந்து அதன் 32 பிட் பதிப்பை இறக்கி, பென் டிரைவில் கொண்டுவருவதே சௌகரியம். பிறகும் படம் விட்டுவிட்டு ஓடினால், பிராசஸருக்குச் சக்தி போதவில்லை என்று பொருள், எச்.265 முறையில் சுருக்கப்பட்ட கோப்புகளில் இது சகஜம். வீடியோவைப் புதிய கணினி வைத்திருப்பவரிடம் கொடுத்து, ஹேண்ட்பிரேக் என்ற மென்பொருள் மூலம் எச்.264-ஆக, அளவையும் குறைத்து, மாற்றி வாங்கிக்கொள்ளுங்கள்.