ஜிஎக்ஸ்020034: ஒரு பழைய ஹார்ட் டிஸ்க்கைப் படிப்பது எப்படி?

எங்க அசோசியேஷன் அலமாரியில ஒரு 1 டிபி ஹார்ட் டிஸ்க் இருக்கு. பேட்ச் பேட்சா சீனியர்ஸ் விட்டுட்டுப் போன சொத்து. இந்த செமஸ்டரோட எங்க லேப் அசிஸ்டென்ட் சார் ரிட்டயர் ஆகிறார். அவருக்கு ஒரு பத்து நிமிஷ வீடியோ பண்ணலாம்னு டிஸ்க்கைத் திறந்தேன். உள்ளே 'நியூ ஃபோல்டர் (2)'. அதுக்குள்ள 00003.எம்டிஎஸ், எம்விஐ_0042, ஜிஎக்ஸ்020034... ஒண்ணுகூட மனுஷன் வெச்ச பேர் இல்லை.

முதல் வேலை, பேர் மாத்துறது இல்லை. டிஸ்க் முழுக்க இன்னொரு காப்பி எடுங்க. எல்லா வேலையும் அந்த காப்பியில மட்டும்.

அடுத்து, இந்தப் பேர்கள் கண்டபடி வந்தவை அல்ல. கோப்ரோவை எடுத்துக்குவோம். ஹீரோ6 முதல் வந்த மாடல்களில் 'ஜிஹெச்' என்றால் ஹெச்.264, 'ஜிஎக்ஸ்' என்றால் ஹெச்.265. அடுத்த இரண்டு இலக்கம் சாப்டர் எண். கடைசி நாலுதான் வீடியோவின் எண். நீளமான ஷூட்டிங்கை கேமரா பெரும்பாலும் 4 ஜிபிக்கு ஒரு துண்டாக வெட்டிவிடும். அதாவது ஜிஎக்ஸ்010034-ம் ஜிஎக்ஸ்020034-ம் ஒரே வீடியோவின் முதல் பாதி, இரண்டாம் பாதி. ஆனா பேர் வரிசையில் அடுக்கினா 01-ல தொடங்குறதெல்லாம் முதல்ல வரும், 02 எங்கேயோ கடைசியில போய் உட்காரும். இங்கதான் நிறைய பேர் ஏமாறுறோம்.

எம்டிஎஸ் ஃபைல்கள் ஏவிசிஹெச்டி கேம்கார்டர் வகை. அதிலிருந்து எடுக்கும்போது 'ஸ்ட்ரீம்' ஃபோல்டரை மட்டும் இழுத்துப் போடாதீங்க. எந்தத் துண்டு எதோடு சேரணும் என்ற விவரம் பக்கத்து ஃபோல்டர்களில் இருக்கு. மொத்தமா காப்பி பண்ணுங்க.

எம்விஐ, கேனான் வைக்கும் பேர். 9999 தாண்டினாலும், செட்டிங்கைப் பொறுத்து கார்டு மாத்தினாலும், எண் திரும்ப 0001-ல் ஆரம்பிக்கும். செகண்ட் இயர்ல ரெண்டு கார்டை ஒரே ஃபோல்டரில் கொட்டி, 'ரீப்ளேஸ்' கேட்டதும் யோசிக்காம ஓகே அழுத்தினவன் நான். ஒரு காலை நேர நிகழ்ச்சி முழுசா போச்சு. இன்னிக்கும் அதைப் பத்தி யார்கிட்டயும் பேசமாட்டேன் (இப்ப எழுதிட்டேன்).

வாட்ஸ்அப் வீடியோவில் இருக்கும் தேதி அது உங்க போனுக்கு வந்த நாள், எடுத்த நாள் இல்லை.

அப்போ உண்மையான தேதி? விண்டோஸ் காட்டும் 'கிரியேட்டட்' தேதி, பெரும்பாலும் காப்பி பண்ண நாள்தான். மீடியாஇன்ஃபோ அல்லது எக்சிஃப்டூல் போட்டு ஃபைலுக்குள் எழுதியிருப்பதைப் பாருங்க. 1904 ஜனவரி 1 என்று வந்தால் பயப்படாதீங்க: எம்பி4 நேரத்தை அந்த நாளிலிருந்துதான் எண்ணும், யாரும் எழுதாம பூஜ்யமா விட்டிருக்காங்கன்னு அர்த்தம். பல போன்கள் யுடிசியில் எழுதும், அதனால காலை 10 மணி, 4.30 என்று தெரியும். கேமராக்கள் பல உள்ளூர் நேரத்தையே எழுதும். அந்தக் கேமராவின் கடிகாரம் சரியா இருந்ததாங்கிறது வேற கதை. சந்தேகம்னா வீடியோவில தெரியும் பேனரைப் பாருங்க, அதைவிட நல்ல மெட்டாடேட்டா கிடையாது.

புதுப் பேர் வைக்கும்போது வருஷம்-மாதம்-நாள், நிகழ்ச்சி, கடைசியில் பழைய பேர். பழைய பேரை அழிச்சா சாப்டர் எண்ணும் சேர்ந்து போயிடும். 'டூப்ளிகேட்' என்று டெலிட் செய்யுமுன் எஸ்ஹெச்ஏ256 ஹேஷ் ஒத்துப்போகுதான்னு பாருங்க. பேரும் சைஸும் ஒண்ணா இருக்குன்னு மட்டும் நம்பாதீங்க.

சரி, சார் விஷயம். சீனியர்ஸ் எடிட் பண்ண ஒரு பழைய சிம்போசியம் வீடியோவில் அவர் பேச்சு பாதி வாக்கியத்தில் நிக்கும். கேமரா சார்ஜ் போயிடுச்சுன்னுதான் எல்லாரும் நினைச்சிருந்தோம். மீதி, நாற்பது ஃபைல் தள்ளி, ஜிஎக்ஸ்020034-ல் இருந்தது. எஃப்எஃப்எம்பெக்கில் ரீ-என்கோட் இல்லாமலே ரெண்டையும் ஒட்டிட்டேன். அவர் அந்த வாக்கியத்தை முடிச்சு, சிரிச்சு, மைக்கைத் திருப்பிக் கொடுக்கிறார்.

இன்னும் அறுபது எம்விஐ பாக்கி இருக்கு. ஜூனியர்ஸ் யாராவது சனிக்கிழமை ஃப்ரீயா?