டிக் சத்தம் வந்தால் போதுமா?

காரில் சாவியைத் திருப்பினால் "டிக்" என்று ஒரு சத்தம் கேட்கும். அதுதான் ரிலே. பார்க்க ஒரு சின்னக் கறுப்புப் பெட்டி.

ரிலே எதற்கு?
ஸ்டார்ட்டர், பெட்ரோல் பம்பு போன்றவை அதிக மின்னோட்டம் இழுக்கும். அவ்வளவும் சாவி ஸ்விட்ச் வழியாகப் போனால் ஸ்விட்ச் கருகிவிடும். அதனால் சிறிய மின்னோட்டம் ஒரு மின்காந்தத்தை இயக்க, அது பெரிய ஸ்விட்சை மூடுகிறது. 1835-இல் இந்த வழியைக் காட்டியவர் ஜோசப் ஹென்றி. மின்தூண்டலின் அலகு 'ஹென்றி' என்று படிக்கிறோமே, அவரேதான்!

ரிலேவின் கால்கள்
85, 86 – கம்பிச்சுருள்
30 – பேட்டரியிலிருந்து வருவது
87 – கருவிக்குப் போவது

ஓம் விதிப்படி, சுருளின் மின்தடை 80 ஓம் என்றால் 12 ÷ 80 = 0.15 ஆம்பியர். இந்த 0.15 ஆம்பியர் 30 ஆம்பியரை ஆட்டி வைக்கிறது!

பழுது பார்ப்பது எப்படி?
1. சத்தமே இல்லையா? ரிலேவைக் கழற்றி, சாவியைப் போட்டு, சாக்கெட்டில் 85-க்கும் 86-க்கும் இடையே மீட்டர் வைக்கணும். 12 வோல்ட் வந்தால் ரிலேதான் பழுது. வராவிட்டால் ரிலே மேல் பழி போடாதீங்க! ஃபியூஸ், ஒயர் பார்க்கணும். புதிய கார்களில் இ.சி.யு. என்ற கம்ப்யூட்டர் கட்டளை தராமலும் இருக்கலாம்.

2. சத்தம் வருது, வண்டி கிளம்பலையா? ரிலேவை மாட்டிய நிலையில் 30-இல் 12 வோல்ட் இருந்து, 87-இல் குறைந்தால் உள்ளே தொடுமுனை கருகியிருக்கு. இரண்டிலும் 12 இருந்தால் ரிலே நல்லது.

3. வெயிலில் மட்டும் மக்கர் பண்ணுதா? உள்ளே ஈயப் பற்றில் விரிசல் இருக்கலாம். 1990-களின் ஹோண்டா சிவிக், அக்கார்டு கார்களில் இது பேர்போன பழுது. நம்ம ஊர் மதிய வெயிலில் நிறுத்திய கார் கிளம்பாமல், சாயங்காலம் தானாகக் கிளம்பினால் இதையும் சந்தேகப்படணும்.

மெக்கானிக்கான என் சித்தப்பா சொல்வார்: "சத்தம் வந்தா பாதிதான்டா நல்லாருக்கு. மீதியை மீட்டர்தான் சொல்லணும்." பௌர்ணமிக்குக் குடும்பத்தோடு வந்த வெளியூர்க்காரரிடம், சோதிக்காமல் "ஸ்டார்ட்டர் போச்சு" என்று சொன்னால் ஆயிரக்கணக்கில் வீண் செலவு. ரிலேவோ சில நூறு ரூபாய்தான். ஐந்து நிமிடச் சோதனை ஒருவர் ஊர் திரும்பும் காசைக் காப்பாற்றும்.

எச்சரிக்கை: பெரியவர் துணையில்லாமல் கை வைக்காதீங்க. சாவியை அணைத்துவிட்டே ரிலேவைக் கழற்றணும்.

யோசியுங்கள்: சுருளை அளந்தால் 80 ஓமுக்குப் பதில் முடிவிலி காட்டுகிறது. எந்தப் பழுது? விடையை அறிவியல் ஆசிரியரிடம் சொல்லுங்க!