விளையாட்டாய் எடுங்கள், கறாராய் முடியுங்கள்

அடிமரத்தின் மேல் ஓர் இசைத்தட்டு. ஊசியைப் பிடித்தபடி ஒருவர் அதைச் சுற்றிச் சுற்றி ஓட, பாட்டு கேட்கிறது. 'தி ரன்னிங் ஜம்பிங் அண்ட் ஸ்டாண்டிங் ஸ்டில் ஃபிலிம்' முழுக்க இப்படிப்பட்ட குறும்புகள்தான். ரிச்சர்ட் லெஸ்டர், பீட்டர் செல்லர்ஸ், ஸ்பைக் மில்லிகன் முதலானோர் இங்கிலாந்தில் ஒரு வயல்வெளியில், இரண்டே ஞாயிற்றுக்கிழமைகளில் எடுத்த 11 நிமிடப் படம். செலவு சுமார் 70 பவுண்டு. ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது. பீட்டில்ஸ் குழுவினருக்கும் படம் பிடித்துப்போனது. அவர்கள் நடித்த 'எ ஹார்ட் டேஸ் நைட்' (1964) படத்தை இயக்கியவர் லெஸ்டர்.

பரிசோதனைக் குறும்படம் எடுக்கப் புறப்படும் நண்பர் குழு இதிலிருந்து என்ன கற்கலாம்?

1. வேலியை முதலில் போடுங்கள். ஓர் இடம், இரண்டு நாள், இவ்வளவு பணம் என்று முடிவுசெய்யுங்கள். எல்லை தெரிந்தால்தான் கற்பனை துணிந்து ஓடும்.

2. பொருளோடு விளையாடுங்கள். கனடாவின் தேசியத் திரைப்பட வாரியத்தில் நார்மன் மெக்லாரனும் கிளாட் ஜுத்ராவும் எடுத்த 'எ சேரி டேல்' (1957) படத்தில் இருப்பது ஒரு மனிதனும் உட்கார விடாத ஒரு நாற்காலியும்தான். வசனமே கிடையாது. நாற்காலியை நூல் கட்டி ஆட்டுவித்தவர் ஈவ்லின் லாம்பார்ட். இசை ரவிசங்கர், தபலா சதுர்லால். இந்த ஐவரில் ஒருவர் குறைந்தாலும் அந்த நாற்காலிக்கு உயிர் வந்திருக்காது.

3. உடனே மறுக்காதீர்கள். லைட் பிடிக்கும் தம்பி ஒரு யோசனை சொன்னால், ஒரு டேக் எடுத்துப் பாருங்கள். அது சரிவராவிட்டாலும், அடுத்த யோசனையைச் சொல்ல அவருக்குத் தயக்கம் இருக்காது.

4. குறிப்பெடுக்க ஒருவரை நியமியுங்கள். திட்டமில்லாமல் எடுத்த ஷாட்டுகள் எடிட்டிங் மேசையில் மலைபோல் குவியும். எந்த டேக்கில் என்ன நடந்தது என்ற நோட்டு இல்லாவிட்டால் நல்லது கண்ணில் படாமலே போகும்.

5. எடிட்டிங்கில் தயவு வேண்டாம். எடுக்கும்போது எல்லோர் பேச்சும் செல்லும். வெட்டும்போது கடைசி வார்த்தை ஒருவருடையதாக இருக்கட்டும். அவர் யார் என்பதைப் படப்பிடிப்புக்கு முன்பே பேசிவிடுங்கள்.

6. பெயர், உரிமை, செலவுப் பங்கு மூன்றையும் எழுதிக்கொள்ளுங்கள். நண்பர்கள்தானே என்று விட்டால் படத்தோடு நட்பும் முடிந்துவிடும்.

டைட்டில் கார்டில் உழைத்த ஒவ்வொருவர் பெயரும் வரட்டும். அடுத்த ஞாயிற்றுக்கிழமை அழைத்தாலும் அவர்கள் வர வேண்டும்.