மகளின் சம்மதம்

வாங்குபவரும் விற்பவரும் மனமொப்பிச் சம்மதியாத வியாபாரம் வியாபாரமாகாது. வர்த்தகர்களாகிய நாம் இதை நன்கு அறிவோம். கடையில் இவ்வளவு கண்டிப்பாயிருக்கும் நாம், மகளின் நிக்காஹ் விஷயத்திலும் அப்படித்தான் இருக்கிறோமா? பெண்ணின் சம்மதத்திற்காக உலக சபையில் வாதாடிய ஒரு முஸ்லிம் மாதரசியின் வரலாறு நம்மை இவ்வாறு கேட்க வைக்கிறது.

பேகம் ஷாயிஸ்தா இக்ராமுல்லாஹ் 1915-ல் கல்கத்தாவில், சுஹ்ரவர்தி குடும்பத்தில் பிறந்தார். மணமான பின்னும் அவர் கல்வியைக் கைவிடவில்லை. உருது நாவல், சிறுகதை ஆகியவற்றின் வளர்ச்சியை ஆராய்ந்து, 1940-ல் லண்டன் சர்வகலாசாலையில் டாக்டர் பட்டம் பெற்றார். 1947-ல் அமைந்த பாகிஸ்தான் அரசியல் நிர்ணய சபையில் இருந்த பெண்கள் இருவரே. அவர்களில் ஒருவர் இவர்.

1948-ல் ஐக்கிய நாடுகள் சபை பாரிஸில் கூடியபோது, பாகிஸ்தான் பிரதிநிதியாக அங்கு சென்றார். மனித உரிமைப் பிரகடனத்தின் வாசகம் அப்போது வரிவரியாக விவாதிக்கப்பட்டது. அதன் 16-வது விதி திருமணத்தைப் பற்றியது. மணமக்கள் இருவரின் முழுச் சம்மதமின்றி மணம் கூடாது என்பது அதன் சாரம். பால்ய விவாகத்தையும் சம்மதமற்ற மணத்தையும் தடுப்பதும், மணவிலக்கிற்குப் பின் பெண்ணுக்கும் அவள் சொத்துக்கும் பாதுகாப்பளிப்பதுமே இவ்விதியின் நோக்கம் என்று பேகம் எடுத்துரைத்தார். சம உரிமை என்றால் ஆணுக்கும் பெண்ணுக்கும் எல்லாம் ஒரே மாதிரி என்று பொருளல்ல என்றும் தெளிவுபடுத்தினார்.

சவூதி அரேபியப் பிரதிநிதி ஒரு திருத்தம் கொண்டுவந்தார். அது பெண்களுக்குப் பாதகமான சட்டங்கள் தொடர இடந்தரும் என்று சொல்லி, பேகம் அதை ஆதரிக்க மறுத்தார். டிசம்பர் 10-ல் பிரகடனம் நிறைவேறியது. ஆதரவு 48, எதிர்ப்பு இல்லை, நடுநிலை 8. எகிப்து, ஈரான், இராக், சிரியா, துருக்கி ஆகிய நாடுகளும் ஆதரித்தன.

அதே ஆண்டில் இனப்படுகொலைத் தடுப்பு ஒப்பந்த விவாதத்திலும் அவர் பங்கெடுத்தார். 1964 முதல் 1967 வரை மொராக்கோவில் பாகிஸ்தான் தூதராக இருந்தார். 2000-ல் காலமானார்.

அன்பர்களே! இதில் நமக்குள்ள பாடம் என்ன? கன்னிப் பெண்ணிடமும் அனுமதி கேட்க வேண்டுமென்பது நபிகள் நாயகம் (ஸல்) அவர்களின் போதனை. பேகம் பாரிஸில் வாதாடியது நமக்குப் புதிய சரக்கன்று. நம் வீட்டிலேயே இருந்து, நாம் எடுத்துப் புழங்காமல் வைத்த சரக்கு. கூட்டாளியின் மகனுக்குக் கொடுத்தால் தொழில் பலப்படும் என்று கடையில் அமர்ந்தே பேசி முடிப்போர் நம்மில் இல்லையா? தேதி குறித்து, பந்தல் போட்ட பிறகே பெண்ணுக்குச் சேதி போகிறது. “அவள் ஒன்றும் சொல்லவில்லையே, சம்மதந்தான்” என்கிறோம். கேட்டபின் நாணத்தால் வரும் மௌனம் வேறு. கேளாமலே அடைக்கப்பட்ட வாயின் மௌனம் வேறு. முன்னதைச் சம்மதமாகக் கொள்ளலாம். பின்னதை எந்தக் கணக்கில் எழுதுவது?

ஆகவே, வாக்குக் கொடுக்குமுன் மகளைத் தாயோடு அமர்த்திக் கேட்போம். “வேண்டாம்” என்றாலும் கோபிக்க மாட்டோம் என்று முதலில் சொல்லிவிட்டுக் கேட்போம். அப்படிக் கேட்பதே கேட்பதாகும்.