நம்பிக்கைகளும் உண்மைகளும்: திரை நிறைய மறுக்கும் பழைய விளையாட்டு

சின்னமனூரிலிருந்து கூடலூர் வரையுள்ள கம்பம் பள்ளத்தாக்கின் ஊர்களில், பிள்ளைகள் படித்த வீடுகளிலே, அலமாரியின் மேல்தட்டிலோ துணி பீரோவின் அடியிலோ ஒரு கறுப்பு லேப்டாப் இன்றும் இருக்கக் காணலாம். 2011-ஆம் ஆண்டு செப்டம்பர் 15-ஆம் தேதி அன்றைய முதலமைச்சர் ஜெயலலிதா தொடங்கிவைத்த திட்டத்தின் கீழ், எல்காட் நிறுவனம் மொத்தமாகக் கொள்முதல் செய்ய, அரசுப் பள்ளிகளிலும் உதவி பெறும் பள்ளிகளிலும் கல்லூரிகளிலும் பயின்ற மாணவர்களுக்கு விலையில்லாமல் வழங்கப்பட்ட யந்திரம் அது. விடியுமுன் ஜீப் ஏறி ஏலத்தோட்டத்துக் கூலி வேலைக்குப் போய், இருட்டிய பிறகு வீடு திரும்பிய பெற்றோர் பலருடைய இல்லத்தில் முதன்முதலாகப் பிரவேசித்த கம்ப்யூட்டர் என்னும் பெருமையும் அதற்கு உண்டு. அக்காள் புராஜெக்ட் அடித்து முடித்த அந்த யந்திரத்தில் இப்போது தம்பி ‘வைஸ் சிட்டி’ ஆட ஆசைப்படுகிறான். விளையாட்டோ திறக்கவே மறுக்கிறது, அல்லது திரையின் நடுவில் தபால் கார்டு அளவுக்குச் சுருங்கி நிற்கிறது, அல்லது மனிதர்களையெல்லாம் குட்டையாகவும் பருமனாகவும் காட்டுகிறது. அந்தச் சமயத்தில் சுற்றியிருப்பவர்கள் சொல்லும் காரணங்களில் பெரும்பாலானவை தவறானவை என்பதையும், அத்தவறுகள் ஏழைக் குடும்பத்தின் பணத்தையும் சில வேளைகளில் யந்திரத்தையுமே பலிகொள்கின்றன என்பதையும் எடுத்துச் சொல்வது அவசியமென்று கருதுகிறேன்.

முதலாவதாகவும் மிகப் பரவலாகவும் நிலவும் அபிப்பிராயம், லேப்டாப் பழசாகிவிட்டது, விளையாட்டைத் தாங்க அதற்குச் சக்தி போதவில்லை என்பது.

“அண்ணே, கேம் ஓபனே ஆக மாட்டேங்குது. 640-ன்னு என்னமோ வருது.”

“இதுல கிராபிக்ஸ் கார்டு பத்தாது தம்பி. வச்சுட்டுப் போ, ஃபார்மட் அடிச்சுப் பாப்போம்.”

சர்வீஸ் கடைகளில் சாதாரணமாக நிகழும் இந்தச் சம்பாஷணையில் கேட்பவனும் சொல்பவனும் யோக்கியமானவர்களே. ஆனால் காரணம் மட்டும் அங்கே இல்லை. ‘வைஸ் சிட்டி’ கம்ப்யூட்டருக்கென்று வெளிவந்தது 2003-ஆம் ஆண்டில். அது கேட்ட குறைந்தபட்சத் தகுதி 800 மெகாஹெர்ட்ஸ் பென்டியம் 3 பிராசஸரும், 128 எம்பி ராமும், 32 எம்பி வீடியோ நினைவகமும்தான். அரசு கொடுத்த லேப்டாப்பில் சாதாரணமாக இருந்த ராம் 2 ஜிபி. கேட்டதற்குப் பதினாறு மடங்கு. பத்து ரூபாய் கேட்டவனிடம் நூற்றறுபது ரூபாய் இருக்கும்போது, அவனுக்குப் பணம் போதவில்லை என்று சொல்வது எப்படிப் பொருந்தும்?

அப்படியானால் நடந்தது என்ன? லேப்டாப் கைக்கு வந்தபோது அதில் விண்டோஸ் 7 இருந்தது. பக்கத்திலேயே சி-டாக் நிறுவனம் உருவாக்கிய பாஸ் லினக்ஸ் என்ற இயங்குதளமும் இருந்தது. அன்று விளையாட்டு தடையின்றி ஓடியது. சில வருஷங்கள் கழிந்து யந்திரம் மந்தமானபோது கடைக்காரர் விண்டோஸ் 10 போட்டுக் கொடுத்தார். அதன் பிறகுதான் 640-க்கு 480 என்ற வீடியோ மோடைக் காணோம் என்று ஆங்கிலத்தில் புகார் சொல்லும் அந்தச் சின்னப் பெட்டி தோன்றலாயிற்று. யந்திரம் அதுவே, விளையாட்டும் அதுவே. இடையில் மாறியது விண்டோஸ் ஒன்றுதான். ‘வைஸ் சிட்டி’ தன் முகப்பு மெனுவைக் காட்டுவதற்கு 640 பிக்ஸல் அகலமும் 480 பிக்ஸல் உயரமும் கொண்ட, 16 பிட் வர்ணமுள்ள, அதாவது 65,536 நிறங்கள் மாத்திரமே உள்ள ஒரு திரையைக் கேட்கிறது. அந்த 640-க்கு 480 என்னும் அளவு 1987-இல் ஐபிஎம் நிறுவனத்தின் விஜிஏ முறையோடு பிரசித்தி பெற்றது. பல வருஷ காலம் எல்லாக் கம்ப்யூட்டர்களுக்கும் பொதுவான குறைந்தபட்ச அளவாக அதுவே விளங்கிற்று. விண்டோஸ் 8 முதற்கொண்டு மைக்ரோசாஃப்ட் 32 பிட்டுக்குக் குறைந்த வர்ணமுறைகளை நேரடியாகத் தருவதை நிறுத்திவிட்டு, வேண்டும் என்று தனியாகக் கேட்கிற விளையாட்டுக்கு மட்டும் அவற்றைப் போலியாக உண்டாக்கிக் கொடுக்கும் ஏற்பாட்டைச் செய்தது. கேட்கத் தெரியாத பழைய விளையாட்டு, பட்டியலில் தேடிப் பார்த்து, இல்லையென்று கண்டு, நின்றுவிடுகிறது.

இதற்குப் பரிகாரம் காசு செலவில்லாதது. விளையாட்டின் ஃபோல்டரில் உள்ள எக்ஸி ஃபைலின் மேல் ரைட் கிளிக் செய்து, பிராப்பர்ட்டீஸ் திறந்து, கம்பாட்டிபிலிட்டி என்ற பக்கத்தில் வர்ணத்தைக் குறைக்கும் கட்டத்தில் டிக் இட்டு 16 பிட் என்பதைத் தேர்ந்து, 640-க்கு 480-இல் ஓட்டு என்ற கட்டத்திலும் டிக் இட்டால் பெரும்பாலும் மெனு தோன்றிவிடும். தோன்றியும் உள்ளே போகும்போது திரை கலைந்தால், டாக்குமென்ட்ஸில் உள்ள ‘வைஸ் சிட்டி யூசர் ஃபைல்ஸ்’ ஃபோல்டரில் கிடக்கும் செட் ஃபைலை அழித்துவிடலாம். முன்பு வேறொரு திரைக்கென்று எழுதிவைத்த அமைப்பு அதோடு நீங்கும், விளையாட்டு புதியதை எழுதிக்கொள்ளும். சேமித்து வைத்த ஆட்டங்கள் வேறு ஃபைல்களாகையால் அவற்றுக்குச் சேதமில்லை. ஃபார்மட் அடித்தாலோ, அக்காளின் புராஜெக்டும் கல்யாணப் போட்டோக்களும் போய், திரும்பவும் அதே விண்டோஸ் 10-ம் அதே பெட்டியும் வந்து நிற்கும்.

ஆனால் கடைக்காரர் ஃபார்மட் அடிக்கும்போது செய்யாமல் விடக்கூடிய காரியம் ஒன்று உண்டு; டிஸ்பிளே டிரைவர் போடுவது. டிவைஸ் மேனேஜரில் இன்டெல் என்ற பெயருக்குப் பதிலாக ‘மைக்ரோசாஃப்ட் பேசிக் டிஸ்பிளே அடாப்டர்’ என்றிருந்தால், யந்திரத்தின் சித்திர சக்தி முழுவதும் உறங்குகிறதென்று அர்த்தம். அந்நிலையில் முப்பரிமாண விளையாட்டு நகராது; திரையின் அளவைக்கூட மாற்ற முடியாமற் போகலாம். “பவர் பத்தலை” என்ற தீர்ப்புக்கு ஆளாகிற லேப்டாப்பில் முதலில் பார்க்க வேண்டிய இடம் இதுவே.

இரண்டாவது நம்பிக்கை இதைவிட ஆழமாக வேரூன்றியது: இருபுறமும் கறுப்புப் பட்டை தெரிந்தால் அது கோளாறு, படம் திரையை விளிம்பு வரை நிரப்பினால்தான் சரி. உண்மை இதற்கு நேர்விரோதம். அரசு லேப்டாப்புகளில் பெரும்பாலானவற்றின் திரை 14 அங்குலம். குறுக்கே 1366 பிக்ஸல், உயரத்தில் 768. பழைய விளையாட்டுக்களோ, பிரௌசிங் சென்டர்களில் இருந்த குழாய் மானிட்டர்களை எண்ணிச் செய்யப்பட்டவை. அவற்றின் அகலமும் உயரமும் நான்குக்கு மூன்று என்ற விகிதம். 768 உயரத்துக்கு அந்த விகிதப்படி அகலம் 1024 தான் ஆகும். மிஞ்சும் 342 பிக்ஸலை இரண்டாகப் பிரித்தால் பக்கத்துக்கு 171. அதுவே நீங்கள் காணும் கறுப்புப் பட்டை. அதை நிரப்பியே தீர வேண்டுமென்று இழுத்தால், படம் மூன்றில் ஒரு பங்கு கூடுதலாக அகன்றுவிடுகிறது. 90 பிக்ஸல் உயரமுள்ள காரின் சக்கரம் 120 பிக்ஸல் அகலம் கொண்டு முட்டை வடிவமாகிறது. வீட்டுப் புதிய டிவியில் 1950-களின் கறுப்பு வெள்ளைத் தமிழ்ப் படங்களைத் திரை நிறைய இழுத்து வைத்துப் பார்த்து, கதாநாயகியின் முகம் அகன்று தெரிவதைப் பற்றி யாரும் கவலைப்படாமல் இருப்பதைக் காணும்போது எனக்கு உண்டாகும் வருத்தம் இதிலும் உண்டாகிறது. அந்தப் படங்களும் ஏறக்குறைய நான்குக்கு மூன்று விகிதத்தில் எடுக்கப்பட்டவையே. வரைந்தவன் வட்டமென்று வரைந்ததை வட்டமாகவே பார்ப்பது, அவனுக்கு நாம் செய்யும் மரியாதை.

குழாய் மானிட்டருக்கு இந்தச் சங்கடம் இருந்ததில்லை. அதில் எலெக்ட்ரான் கதிர், கேட்ட வரிகளின் எண்ணிக்கைக்கேற்பத் தன்னைக் கூட்டியும் குறைத்தும் கொண்டு, எந்த அளவையும் திரை நிறையத் தீட்டிவிடும். இன்றைய தட்டைத் திரையோ, கல்தூண் ஊன்றி அமைத்த நம் பன்னீர் திராட்சைப் பந்தலைப் போன்றது; கொடி எவ்வளவு படர்ந்தாலும் தூண்களின் இடைவெளி மாறாது. 640 புள்ளிகளை 1366 புள்ளிகளின் மேல் பரப்பும்போது ஒரு புள்ளிக்கு இரண்டு இடம், இன்னொன்றுக்கு மூன்று இடம் என்று பங்கிட வேண்டியிருப்பதால் படம் சற்று மங்குவது இயற்கை. இதைக் கண்டு, சிறிய அளவில் ஓட்டினால் திரை கெட்டுப்போகும் என்று பயப்படுபவர்கள் இருக்கிறார்கள். அந்தப் பயத்துக்கு ஆதாரமில்லை.

விகிதத்தைக் காப்பாற்றும் அமைப்பு இன்டெல் கிராபிக்ஸ் கண்ட்ரோல் பேனலில் டிஸ்பிளே பகுதியில் இருக்கிறது. ‘ஸ்கேல் ஃபுல் ஸ்கிரீன்’ என்பது இழுப்பது. ‘சென்டர் இமேஜ்’ என்பது சுருங்கிய படத்தை நடுவில் வைப்பது, தபால் கார்டு தோற்றத்துக்குக் காரணம் சாதாரணமாக இதுதான். ‘மெயின்டெய்ன் ஆஸ்பெக்ட் ரேஷியோ’ என்பது விகிதம் கெடாமல் உயரம் நிறையப் பெருக்குவது. மூன்றாவதே நமக்கு வேண்டியது. அகலத்திரை முழுவதையும் நியாயமாகப் பயன்படுத்த வேண்டுமென்ற ஆர்வமுடையோருக்கு, ‘தர்ட்டீன்ஏஜி’ என்ற புனைபெயரில் இயங்கும் நிபுணர் ‘வைஸ் சிட்டி’, ‘மோஸ்ட் வான்டட்’ முதலிய விளையாட்டுக்களுக்கென்று இலவசமாக வெளியிட்டுள்ள வைட்ஸ்கிரீன் திருத்தங்கள் இருக்கின்றன. அவை படத்தை இழுப்பதில்லை. பக்கவாட்டில் கூடுதலான காட்சியையே காட்டுகின்றன. லாபமில்லாமல் இவ்வளவு உழைக்கும் மனிதர்களை நாம் நன்றியுடன் நினைக்கக் கடமைப்பட்டுள்ளோம்.

‘ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ்’ பற்றிய நம்பிக்கை ஒரு தனி வகை. 1997-இல் முதற் பாகமும் 1999-இல் இரண்டாம் பாகமும் வெளிவந்த அந்த யுத்த விளையாட்டில், கடல் ஊதாவாகவும் புல் சிவப்பாகவும் மாறி, பட்டாளத்தின் உடைகள் விகாரமான பச்சையில் மின்னுவதைக் கண்டவர்கள், திரையே போய்விட்டதென்றோ வைரஸ் புகுந்துவிட்டதென்றோ தீர்மானிக்கிறார்கள். சிடி கீறல் விழுந்துவிட்டதென்று சிலர். இவை ஒன்றும் அல்ல. அந்த விளையாட்டு 256 நிறங்களாலான ஒரு பட்டியலை வைத்துக்கொண்டு, ஒவ்வொரு புள்ளியிலும் நிறத்தை எழுதாமல் பட்டியலின் எண்ணை மட்டும் எழுதுகிறது. பட்டியல் ஒன்றே, அது விண்டோஸுக்கும் விளையாட்டுக்கும் பொது. விண்டோஸ் 7-இல் டெஸ்க்டாப்பை நடத்தும் எக்ஸ்ப்ளோரர் நடுவில் புகுந்து தன் நிறங்களை அதில் எழுதிவிடுவதால், நீலம் என்று எண்ணி எழுதிய எண் ஊதாவைக் காட்டுகிறது. டாஸ்க் மேனேஜரில் எக்ஸ்ப்ளோரரை நிறுத்திவிட்டு விளையாட்டைத் திறந்தால் கடல் நீலமாகிவிடும். ஆடி முடித்தபின் எக்ஸ்ப்ளோரரை மீண்டும் ஓடவிட வேண்டும். விண்டோஸ் 10-இல் முன் சொன்ன அதே கம்பாட்டிபிலிட்டி பக்கத்தில் 8 பிட் என்பதைத் தேர்ந்தால் போதும்.

மலைக்காற்று வீசும் மாதங்களில் கரண்ட் அடிக்கடி போய் வரும் இப்பிரதேசத்தில், விளையாட்டு தொடங்கும்போது திரை ஓரிரு விநாடி இருண்டு திரும்புவதை வோல்டேஜ் குறைவு என்று நினைப்பது இயல்பே. ஆனால் அது திரை ஓர் அளவிலிருந்து மற்றோர் அளவுக்கு மாறும் இடைவெளி. பழைய குழாய் மானிட்டரில் அந்த நொடியில் ‘டக்’ என்று ஒரு சப்தம் கேட்கும். உள்ளிருக்கும் ரிலே இடம் மாறும் ஒலி அது. இருண்ட திரை திரும்பாமலே இருந்தால், அநேகமாக ஆல்ட்-டேப் அழுத்தி வெளியே போய் வந்ததே காரணம். வெளியே போகும்போது விண்டோஸ் வீடியோ நினைவகத்தைப் பறித்துக்கொள்கிறது. திரும்பியதும் சித்திரங்களை மறுபடி அங்கே நிரப்பும் பொறுப்பு விளையாட்டுடையது. பழைய விளையாட்டுக்கள் பல அப்பொறுப்பை மறந்து எழுதப்பட்டவை. ஆடும்போது வெளியே போகாதிருப்பதோ, ஆல்ட்-என்டர் அழுத்தி விண்டோவில் ஆடிப் பார்ப்பதோ எளிய வழி.

டைரக்ட்பிளே என்பதை இயக்கினால் திரை சரியாகும் என்று பலர் உபதேசிப்பார்கள். அது பலர் சேர்ந்து நெட்வொர்க்கில் ஆடுவதற்கான பகுதி. அது இல்லாவிட்டால் சில விளையாட்டுக்கள் திறக்க மறுக்கும் என்பது வாஸ்தவம், ஆனால் திரை அளவுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. இதைவிட அபாயமானது, எங்கிருந்தோ இறக்கிய டிஎல்எல் ஃபைலைச் சிஸ்டம்32 ஃபோல்டரில் கொண்டுபோய்ப் போடுவது. அந்த ஃபோல்டர் விண்டோஸ் முழுவதற்கும் பொது. அங்கே ஒன்றைத் தவறாக மாற்றினால் யந்திரமே கிளம்பாது, நச்சு நிரல் நுழையவும் வாசல் திறந்துவிடும். ‘சிஎன்சி-டிடிரா’ போன்ற, மூல நிரலை எவரும் பார்க்கக்கூடிய யோக்கியமான மாற்று ஃபைல்கள், டைரக்ட்டிரா என்ற பழைய முறையில் படம் தீட்டும் விளையாட்டுக்களை விகிதம் கெடாமல் திரை நிறையக் காட்ட வல்லவை. அவற்றைக்கூட விளையாட்டின் சொந்த ஃபோல்டரில்தான் வைக்க வேண்டும். விண்டோஸ் முதலில் தேடுவதும் அங்கேதான்.

புதிய லேப்டாப் வாங்கியவர்களுக்கு வேறொரு தொல்லை. எழுத்துக்களைப் பெரிதாக்க விண்டோஸ் 125 அல்லது 150 சதவீதம் என்று வைத்திருப்பதால், விளையாட்டின் கீழ்ப்பகுதியும் வலப்பகுதியும் திரைக்கு வெளியே போய்விடும். கம்பாட்டிபிலிட்டி பக்கத்திலேயே ஹை டிபிஐ என்ற பொத்தானைத் திறந்து, ஸ்கேலிங்கை அப்ளிகேஷனிடம் விட்டுவிட்டால் அது தீரும்.

உண்மையாகவே திரை பழுதாகியிருப்பதும் உண்டு. அதைக் கண்டுகொள்ள ஓர் எளிய சோதனை இருக்கிறது. பவர் பட்டனை அழுத்தியவுடன், விண்டோஸ் தோன்றுவதற்கு முன்னரே, கம்பெனியின் முத்திரை தெரியும்போதே கோடுகளும் கறைகளும் காணப்பட்டால், பழுது பேனலிலோ, மடிக்கும் இடத்தில் தேய்ந்த கேபிளிலோ, அரிதாகக் கிராபிக்ஸ் சிப்பிலோ இருக்கிறது. முத்திரையும் டெஸ்க்டாப்பும் தெளிவாயிருந்து விளையாட்டில் மட்டும் கோளாறு வருமாயின், லேப்டாப்பைக் கடையில் விட்டுவர வேண்டியதில்லை. முன்னதாயின் கடைக்குக் கொண்டுபோகலாம். போகும்போது பேனல் மாற்ற வேண்டுமா, கேபிள் மாற்றினால் போதுமா என்று முதலிலேயே கேளுங்கள், ஏனெனில் இரண்டின் விலைக்கும் இடையே வெகு தூரம்.